சினை ஊசி: நேரம் பிடிப்பது எப்படி?

சினை ஊசி என்பது உறையவைத்த காளை விந்தைப் பசுவின் கருப்பைக்குள் செலுத்தும் செயற்கைக் கருவூட்டல். அதைப் போட்டும் மாடு சினை நிற்கவில்லை என்றால் முதலில் அந்த உறைவிந்தைத்தான் குறை சொல்வார்கள். பெரும்பாலும் கோளாறு நேரத்தில் இருக்கும்.

பசு 21 நாளுக்கு ஒருமுறை பருவத்துக்கு, அதாவது காளை சேரும் நிலைக்கு, வரும். 18 முதல் 24 நாள் வரை முன்பின் ஆகலாம். பருவம் 12 முதல் 18 மணி நேரம் நீடிக்கும். அது அடங்கி 10, 12 மணி நேரம் கழித்துத்தான் கருமுட்டை வெளிப்படும். கத்துவது, பால் குறைவது, தீனியைத் தொடாதது எல்லாம் அறிகுறிகள்தான். ஆனால் நேரம் குறிக்க நம்பத்தக்கது ஒன்றே: இன்னொரு மாடு மேலே தாவும்போது நகராமல் நின்று கொடுப்பது. தாவுகிற மாடு பருவத்தில் இல்லாமலும் இருக்கலாம். கட்டுத்தறியில் இதெல்லாம் தெரியாது. விடியற்காலையும் இரவும் அவிழ்த்துவிட்டு அரை மணி நேரம் கவனியுங்கள்.

மாடு படுத்து எழுந்த இடத்தையும் பாருங்கள். வழும்பு (பருவத்தில் பிறப்புறுப்பிலிருந்து வடியும் கோழை) கண்ணாடி போலத் தெளிந்து, அறுபடாமல் கயிறாகத் தொங்கினால் நல்லது. வெள்ளையோ மஞ்சளோ கலந்திருந்தால் கருப்பையில் நோய்த்தொற்று இருக்கலாம். அந்தப் பருவத்தை விட்டுவிட்டு மருத்துவம் பாருங்கள்.

காலையில் நின்று கொடுத்த மாட்டுக்கு மாலையில் ஊசி. மாலையில் என்றால் மறுநாள் காலை. வாலில் ரத்தக்கறை தெரிந்தபின் போடுவது வீண், பருவம் ஏற்கெனவே கடந்துவிட்டது. ஊசி போட்ட மாட்டில் அந்தக் கறை வந்தால் சினை நிற்கவில்லை என்று பயப்படவும் வேண்டாம், இரண்டுக்கும் தொடர்பில்லை.

உறைவிந்துக் குச்சியை 35 முதல் 37 டிகிரி வெந்நீரில் 30 முதல் 45 விநாடி வைக்க வேண்டும். சூட்டை வெப்பமானியில் பாருங்கள், கையால் தொட்டுக் கணிப்பது சரிவராது. எடுத்ததும் ஈரம் போகத் துடையுங்கள். ஒரு சொட்டுத் தண்ணீர் உள்ளே போனாலும் உயிரணுக்கள் சாகும். வெயில் படாமல் 15 நிமிடத்துக்குள் பயன்படுத்திவிட வேண்டும். கருப்பை வாயைத் தாண்டியதும் மெதுவாக விடுங்கள். இன்னும் ஆழமாகத் தள்ளினால் உட்சுவர்தான் காயப்படும்.

கன்று ஈன்று 60 நாளாவது ஆகட்டும். இன்னும் கன்று ஈனாத கிடேரிக்கு வயதைவிட எடை முக்கியம்: வளர்ந்த மாட்டின் எடையில் 60 சதவீதத்துக்குக் குறைந்தால் காத்திருங்கள்.

21 நாளில் திரும்பப் பருவத்துக்கு வராததை வைத்துச் சினை என்று முடிவுகட்டாதீர்கள், அறிகுறி வெளியே தெரியாத ஊமைப் பருவமாகவும் இருக்கும். 60 முதல் 90 நாளுக்குள் சினைப் பரிசோதனை அவசியம். வழும்பு தெளிவாக இருந்தும் மூன்று முறை தவறினால், நான்காவது ஊசிக்கு முன் கருப்பையைச் சோதித்துவிடுங்கள். சினை உறுதியானால் ஊசித் தேதியிலிருந்து சுமார் 280 நாளை எண்ணிக் கன்று ஈனும் நாளைக் குறித்து, அதற்கு 60 நாள் முன்பே பால் கறப்பதை நிறுத்துங்கள்.