விசிட் விசால வேலைக்குப் போகாதீங்க

கல்ஃப் வேலைக்குப் போறவங்க ஒரு நிமிஷம் இதைப் படிங்க. "இப்போ விசிட் விசால போங்க, அங்க போய் மாத்திக்கலாம்"னு ஏஜென்ட் சொன்னா தயவுசெஞ்சு நம்பாதீங்க, விசிட் விசால வேலை பாக்குறது அங்க சட்டப்படி குத்தம், சம்பளம் தரலைன்னாலும் புகார் குடுக்கவே பயப்படணும். பத்தாவது பாஸ் பண்ணாதவங்களுக்கு பெரும்பாலும் ஈசிஆர் பாஸ்போர்ட் (சில நாடுகளுக்கு வேலைக்குப் போக அரசு அனுமதி தேவைப்படுற பாஸ்போர்ட்) தான் இருக்கும், அவங்க சவுதி, குவைத், துபாய் மாதிரி இடத்துக்கு வேலைக்குப் போக இ-மைகிரேட்ங்கிற மத்திய அரசு வெப்சைட்ல எமிக்ரேஷன் கிளியரன்ஸ்ங்கிற அந்த அனுமதியை வாங்கியே ஆகணும். அதோட சேர்த்து பிரவாசி பாரதிய பீமா யோஜனா இன்சூரன்ஸும் உண்டு, விபத்துல இறந்தா குடும்பத்துக்கு 10 லட்சம், இதை வீட்டுல கண்டிப்பா சொல்லி வைங்க. ஏஜென்ட் பதிவு பண்ணவர் தானான்னு அதே சைட்லயே பாத்துக்கலாம். பணம் குடுத்தா ரசீது வாங்காம வராதீங்க.