50 விநாடி ஊமைப்படத்தில் ஜப்பானிய வாள்வீச்சைப் பார்ப்பது எப்படி

சினிமாவின் ஆரம்ப நாள்களில் பிரான்ஸில் படம் எடுத்த லூமியேர் கம்பெனியின் கேமராக்காரர் கான்ஸ்டன்ட் ஜிரெல் 1897-ல் ஜப்பானில் எடுத்த வாள்வீச்சுப் படம் இணையத்தில் கிடைக்கிறது. நம்ம மும்பை வாட்சன் ஹோட்டலில் லூமியேர் படங்களை முதன்முதலில் காட்டியது 1896 ஜூலை 7. அதற்கு அடுத்த வருஷம் எடுத்தது இது. தாராவியில் சிலம்பம் சுற்றும் தம்பிகளுக்கு அவசியம் போட்டுக் காட்டுங்கள், ஆனால் சும்மா ஓடவிட்டால் மூங்கிலால் மாறி மாறி அடித்துக்கொள்கிறார்கள் என்றுதான் தோன்றும்.

முதலில் வேகத்தைக் கவனியுங்கள். கையால் சுற்றின கேமரா, விநாடிக்குச் சுமார் 16 ஃபிரேம். அதை இன்றைய வேகத்தில் ஏற்றியிருந்தால் எல்லாரும் துள்ளுவார்கள். அப்படித் தெரிந்தால் 0.75-ல் வையுங்கள், அடி விழும் இடத்தில் மட்டும் 0.5.

அப்புறம், வாளை விட்டுவிட்டுக் காலைப் பாருங்கள். வலது கால் தரையை மிதித்து இறங்கும் அதே கணத்தில் ஷினாய், அதாவது நாலு மூங்கில் பட்டையைச் சேர்த்துக் கட்டின வாள், தலையிலோ மணிக்கட்டிலோ விலாவிலோ பட வேண்டும். கால் முந்தி, கை பிந்தி வந்தால் இன்றைய கெண்டோவில், அதாவது ஜப்பானிய வாள்வீச்சு விளையாட்டில், புள்ளி கிடைக்காது. காலடி வரிசை பழகின சிலம்பப் பிள்ளைகள் இதைச் சட்டென்று பிடித்துக்கொள்வார்கள். அடி விழுந்த பிறகும் கண்ணை எடுக்காதீர்கள். அடித்தவர் தளராமல் எதிராளி மேலேயே கவனமாக இருக்கிறாரா, இல்லை முடிந்தது என்று கையைத் தொங்கப்போடுகிறாரா? நடுவர்கள் இதையும் பார்த்துத்தான் கொடி தூக்குவார்கள். அடிக்கும்போது எழுப்பும் சத்தமும் கணக்கில் சேரும், ஊமைப்படத்தில் அது நமக்கு இல்லை, முகத்தைக் கம்பித் தடுப்பு மறைப்பதால் வாயசைவும் தெரியாது. அதனால்தான் காலை இவ்வளவு வலியுறுத்துகிறேன்.

இரண்டாம் உலகப் போருக்கு முந்தைய படங்களில் கட்டிப்பிடித்துத் தள்ளினாலோ காலை வாரிவிட்டாலோ கள்ளாட்டம் என்று சொல்லிவிடாதீர்கள், அன்றைக்கு அதற்கெல்லாம் இடம் இருந்தது. அகில ஜப்பான் கெண்டோ சம்மேளனமே 1952-ல்தான் வந்தது. அதன் விதியை வைத்து அந்த மனிதர்களை எடைபோடுவது நியாயமில்லை.

இன்னொன்று, 1909-லிருந்து இயக்குநர் மகினோ ஷோசோ, நடிகர் ஓனோயே மத்சுனோசுகேயை வைத்து எடுத்த சாமுராய் படங்களோடு இதைக் குழப்பிக்கொள்ள வேண்டாம். அது கபுகி என்ற ஜப்பானிய நாடக மேடையிலிருந்து வந்த சண்டை, ஒருத்தரை நாலு பேர் சூழ்வார்கள், வெட்டுப்பட்டவர் விழுவார். சந்தேகம் வந்தால் தலையைப் பாருங்கள்: கம்பி வைத்த கவசம் என்றால் பெரும்பாலும் போட்டி, வெறும் கொண்டை என்றால் நாடகம்.