கம்போடியக் கோயில் பயணம்: பணம் கட்டும்போதே நடந்துவிடும் தவறுகள்

பந்தேய் ஸ்ரேய் கோயிலுக்கு நான் முதல்முறை போய்ச் சேர்ந்தபோது மாலை ஐந்து மணி ஆகப்போகிறது. ஐந்தரைக்கு மூடிவிடுவார்கள். அன்று காலையிலிருந்து அது ஐந்தாவது கோயில். வேனில் இருந்தவர்களில் பாதிப் பேர் இறங்கவே இல்லை. இறங்கியவர்களும் வாசலில் நின்று படம் எடுத்துக்கொண்டு திரும்பிவிட்டோம். அங்கோர் பகுதியிலேயே மிக நுணுக்கமான சிற்பங்கள் உள்ள கோயில் அது என்பதும், ஒரு தமிழ் ஆள் அங்கே கட்டாயம் தேடிப் பார்க்க வேண்டிய சிற்பம் ஒன்று இருக்கிறது என்பதும் ஊருக்குத் திரும்பிய பிறகுதான் தெரிந்தது. வழிகாட்டியைக் குறை சொல்ல முடியாது. நாங்கள் பணம் கட்டி வாங்கிய பயணத் திட்டமே அப்படி.

கம்போடியா போய் வந்தவர்கள் சொல்லும் வருத்தங்களில் பெரும்பாலானவை அங்கே நடந்த தவறால் வந்தவை அல்ல. பயணத் திட்டத்தைச் சரியாகப் படிக்காமல் ஒப்புக்கொண்டதால் வந்தவை. அதனால் அந்தத் தாளிலிருந்தே தொடங்குகிறேன்.

முதலில் பார்க்க வேண்டியது, உங்களுக்கு எத்தனை நாள் பாஸ் எடுக்கிறார்கள் என்பது. அங்கோர் தொல்லியல் பூங்காவுக்கு ஒரு நாள் பாஸ் 37 டாலர், மூன்று நாள் பாஸ் 62 டாலர், ஏழு நாள் பாஸ் 72 டாலர் என்று 2017இல் விலை வைத்தார்கள். மூன்று நாள் பாஸைத் தொடர்ந்து மூன்று நாள் பயன்படுத்த வேண்டும் என்பதில்லை. பத்து நாளுக்குள் எந்த மூன்று நாளும் போகலாம். ஒரு நாளுக்கும் மூன்று நாளுக்கும் 25 டாலர்தான் வித்தியாசம். ஆனால் பேக்கேஜ் விலையைக் குறைத்துக் காட்ட, ஒரு நாள் பாஸிலேயே ஐந்து கோயிலை அடைத்துவிட்டு மற்ற நாட்களை ஏரி, சந்தை, அருங்காட்சியகம் என்று நிரப்புபவர்கள் உண்டு. நான்கு நாள் பயணம் என்று நினைத்துப் போவோம். கோயிலுக்குக் கிடைப்பது ஒரே நாள். குலென் மலைக்கும், கோ கேர் என்ற தொலைவான பழைய தலைநகருக்கும் இந்தப் பாஸ் செல்லாது, தனி டிக்கெட் வேண்டும். அந்தச் செலவு பேக்கேஜில் சேர்ந்ததா என்று எழுத்தில் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.

அடுத்தது முதல் நாள். ‘மதியம் வருகை, மாலை தொன்லே சாப் ஏரியில் படகு’ என்று எழுதியிருந்தால் நம்பாதீர்கள். அங்கோர் பார்க்கப் போகிறவர்கள் தங்கும் ஊர் சியெம் ரீப். அதன் பழைய விமான நிலையம் ஊரை ஒட்டியே இருந்தது. 2023 அக்டோபரில் திறந்த புதியது சுமார் 50 கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. குடிநுழைவு வரிசை, பெட்டி, ஒரு மணி நேரச் சாலை எல்லாம் முடித்து அறைக்குப் போகும்போது மாலை ஆகிவிடும், ஏரிக்குப் போய்வர நேரம் இருக்காது. அன்றைக்கு ஒரு வேலை மட்டும் உருப்படியாகச் செய்யலாம். மாலை ஐந்து மணியை ஒட்டி மறுநாளுக்கான பாஸை எடுத்தால், அன்று மாலையே பூங்காவுக்குள் போக விடுவார்கள், அந்த நாள் கணக்கில் சேராது.

சரி, கோயில் நாட்களுக்கு வருவோம். அங்கே உண்மையான எதிரி வெயில். பதினோரு மணிக்கு மேல் மணற்கல் தகிக்கத் தொடங்கும். காலில் செருப்பு இருந்தாலும் சுவரிலிருந்து அனல் அடிக்கும். காலை ஐந்திலிருந்து பதினொன்று வரை பார்த்துவிட்டு, அறைக்குத் திரும்பிச் சாப்பிட்டுத் தூங்கி, மூன்று மணிக்கு மறுபடி கிளம்பும் திட்டம்தான் நல்ல திட்டம். ‘நாள் முழுவதும் சுற்றுலா’ என்பது கேட்க லாபமாக இருக்கும். நடைமுறையில் மதியத்துக்குப் பிறகு யாருடைய கண்ணும் எதையும் பார்ப்பதில்லை. வயதான பெற்றோரைக் கூட்டிக்கொண்டு போகிறவர்கள் இந்த இடைவேளையை விட்டுக்கொடுக்கவே கூடாது.

அங்கோர் வாட்டில் சூரியோதயம் பார்க்க ஐந்து மணிக்கே விடுவார்கள். மற்ற கோயில்களில் பெரும்பாலானவை ஏழரைக்குத்தான் திறக்கும். குளத்தங்கரையில் நூற்றுக்கணக்கானோர் போனைத் தூக்கிப் பிடித்து நிற்பார்கள். சூரியன் வந்ததும் கூட்டம் காலைச் சாப்பாட்டுக்கு ஓட்டலுக்குத் திரும்பும். நீங்களும் கூடவே திரும்பினால், அந்த நாளின் மிக அமைதியான நேரத்தை இழக்கிறீர்கள். கையில் ரொட்டியும் வாழைப்பழமும் வைத்துக்கொண்டு அப்படியே உள்ளே போங்கள். கோயில் மேற்கு நோக்கியது. அதனால் முகப்பை வெளிச்சத்தோடு படம் எடுக்க மாலைதான் சரி. காலையில் கிழக்குத் திருச்சுற்றில்தான் வெயில் விழும். பாற்கடல் கடையும் சிற்பம் இருப்பது அங்கேதான். 49 மீட்டர் நீளம். ஒரு பக்கம் 92 அசுரர், மறுபக்கம் 88 தேவர், நடுவில் திருமால். சாய்ந்த வெயிலில் வாசுகியைப் பற்றியிருக்கும் கைகளின் தசை புடைத்து நிற்பது தெரியும். பதினோரு மணி வெளிச்சத்தில் அதே சுவர் தட்டையாகிவிடும்.

இங்கே நம்மவர்கள் எல்லோரும் செய்யும் ஒரு தவறு இருக்கிறது. மேற்கு வாசலில் நுழைந்ததும் பழக்க தோஷத்தில் இடப்பக்கம் திரும்பி வலம் வருவோம். அங்கோர் வாட்டின் சிற்பக் கதைகள் இடமாகச் சுற்றும்படி அமைந்தவை. நுழைந்ததும் வலப்பக்கம் திரும்ப வேண்டும்; மூலக்கோயில் எப்போதும் உங்கள் இடக்கைப் பக்கம் இருக்க வேண்டும். அப்போதுதான் முதலில் குருக்ஷேத்திரப் போர், அம்புப் படுக்கையில் பீஷ்மர். பிறகு கோயிலைக் கட்டிய இரண்டாம் சூரியவர்மனின் ஊர்வலம். அதன்பின் யமனின் தீர்ப்பும் சொர்க்க நரகங்களும். பிறகு பாற்கடல் என்று வரிசையாக வரும். அதற்கு அப்பால் கிழக்குச் சுவரின் வடபகுதியும், அதை ஒட்டிய வடக்குச் சுவரின் கிழக்குப் பகுதியும் 16ஆம் நூற்றாண்டில் செதுக்கியவை, கைவேலை சுமார்தான். கால் வலித்தால் அங்கே வேகமாக நடந்துவிடலாம். கடைசியில் மேற்குச் சுவரில் இலங்கைப் போர் காத்திருக்கிறது, அதற்குத் தெம்பு மிச்சம் வையுங்கள்.

இந்தக் கோயிலைத் தமிழ் மன்னன் கட்டினான் என்றும் சோழன் கட்டினான் என்றும் வாட்ஸ்அப்பில் சுற்றும் செய்தியை நம்பிக்கொண்டு போவதும் ஒரு தவறுதான். இரண்டாம் சூரியவர்மன் கெமர் அரசன், அதாவது கம்போடிய மண்ணின் மன்னன். 12ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் கெமர் மக்கள் கட்டிய கோயில் இது. கெமர் வழிகாட்டி முன்னால் நின்றுகொண்டு ‘இது எங்கள் ஊர்க்காரர் கட்டியது’ என்று சொன்னால் அவர் புன்னகைப்பார், ஆனால் மனம் வருந்தும். சொந்தம் கொண்டாட உண்மையான உறவே போதுமானது. கெமர் எழுத்து பல்லவ எழுத்தின் வழியில் வந்தது. காம்போஜ அரசன், அதாவது கம்போடிய அரசன், சோழனுக்குக் காட்சிப்பொருளாக அளித்த ஒரு கல்லைச் சிதம்பரம் கோயிலில் பதித்த செய்தியை 1114ஆம் ஆண்டுக் கல்வெட்டு சொல்கிறது. அங்கோர் என்ற பெயரே ‘நகரம்’ என்ற சொல்லிலிருந்து வந்ததுதான். இவற்றைச் சொல்லிப் பாருங்கள், வழிகாட்டியும் உற்சாகமாகப் பேசத் தொடங்கிவிடுவார்.

பந்தேய் ஸ்ரேய்க்கு இரண்டாம் முறை போனபோது ஏழரைக்கே வாசலில் நின்றேன். கி.பி. 967இல் வழிபாட்டுக்கு வந்த சிவன் கோயில். சிறியது, இளஞ்சிவப்பு மணற்கல். அரசன் கட்டியதல்ல, யஜ்ஞவராகன் என்ற அரச குரு எழுப்பியது. கிழக்கு வாசல் முகப்பில் பத்துக் கையோடு சிவன் ஆடுகிறான். அவன் காலடியில், ஓரத்தில், வற்றித் தொங்கும் மார்போடு ஒடுங்கி உட்கார்ந்திருக்கிறாள் ஒரு பெண். ஆய்வாளர்கள் அவளைக் காரைக்கால் அம்மையார் என்று அடையாளம் காண்கிறார்கள். உடல் அழகை உதறிப் பேயுருவை வரமாகக் கேட்டு வாங்கிய நம் அம்மை, கடல் கடந்து, ஆயிரம் ஆண்டுக்கு முன்பே அந்தக் கல்லில் ஏறி உட்கார்ந்திருக்கிறாள். எனக்குக் கண் நிறைந்துவிட்டது. சிற்பம் உயரத்தில் இருக்கிறது, உள் மண்டபங்களைக் கயிறு கட்டித் தடுத்திருக்கிறார்கள், அதனால் ஒரு சிறிய பைனாகுலர் கொண்டுபோங்கள். ‘நூலகம்’ என்று அழைக்கப்படும் சிறு கட்டடங்களின் முகப்புகளில் கயிலையை அசைக்கும் இராவணனும், காமனை எரிக்கும் சிவனும், காண்டவ வனத்தில் மழையும் இருக்கின்றன. இந்தக் கோயிலுக்கு ஒரு முழுக் காலை ஒதுக்காத திட்டத்தை நான் வாங்க மாட்டேன்.

அதே சாலையில் மேலே போனால் க்பால் ஸ்பியன். பேக்கேஜ் தாளில் ‘ஆயிரம் லிங்க நதி’ என்று ஒரே வரியில் முடித்திருப்பார்கள். காட்டுக்குள் சுமார் ஒன்றரை கிலோமீட்டர் மேடேற வேண்டும்; வேர்களும் பாறைகளும் உள்ள பாதை. முட்டி வலி உள்ளவர்கள் முன்கூட்டியே தெரிந்துகொள்வது நல்லது. ஆற்றின் படுகையிலேயே லிங்கங்களும் பள்ளிகொண்ட பெருமாளும் செதுக்கப்பட்டிருக்கின்றன. மழைக்காலத்தில் தண்ணீர் பெருகிச் சிற்பத்தை மூடும்; ஏப்ரலில் ஆறு வற்றி அருவியே இருக்காது. நவம்பர், டிசம்பர்தான் இரண்டும் கிடைக்கும் காலம். கி.பி. 802இல் இரண்டாம் ஜெயவர்மன் தன்னைச் சக்கரவர்த்தியாக அறிவித்துக்கொண்ட குலென் மலைக்கும் இதே கணக்கு. அந்த மலைச் சாலை குறுகலானது. காலையில் ஏற மட்டும், மதியத்துக்கு மேல் இறங்க மட்டும் விடுவார்கள். மதியச் சாப்பாடு முடித்துவிட்டுக் குலென் என்று திட்டத்தில் இருந்தால், எழுதியவருக்கு இடம் தெரியாது என்று அர்த்தம்.

மாதத்தைப் பற்றி இன்னொன்று. ஏப்ரல் நடுவில் நம் சித்திரை முதல் நாளை ஒட்டியே அவர்களுக்கும் புத்தாண்டு. பள்ளி விடுமுறை என்று நம்மவர்கள் அப்போதுதான் டிக்கெட் போடுகிறார்கள். ஆண்டின் கொடும் வெயில், உள்ளூர்க் கூட்டம், பல கடைகள் மூடல் எல்லாம் சேர்ந்துகொள்ளும். திருவிழாவைப் பார்க்கத்தான் போகிறீர்கள் என்றால் தாராளமாகப் போகலாம். கோயிலைப் பார்க்க அது காலம் இல்லை.

தொன்லே சாப் ஏரி விஷயத்தில்தான் விளம்பரப் படம் அதிகம் ஏமாற்றும். மழைக்காலத்தில் மேக்கொங் ஆறு பெருகும்போது, ஏரியிலிருந்து வெளியேற வேண்டிய ஆறு திசை மாறி உள்ளே பாய்கிறது. கோடையில் சுமார் 2,500 சதுர கிலோமீட்டராகச் சுருங்கும் ஏரி, வெள்ளத்தில் 15,000 வரை விரிகிறது. கம்பொங் ப்ளுக் கிராமத்தின் உயர்ந்த கம்ப வீடுகள் தண்ணீரில் மிதப்பதுபோல் தெரியும் படம் அக்டோபரில் எடுத்தது. ஏப்ரலில் போனால் சேற்றுக் கால்வாயும் தலைக்கு மேலே நிற்கும் வீடுகளும்தான். அதுவும் பார்க்க வேண்டிய காட்சிதான், படத்தை எதிர்பார்த்துப் போனால் ஏமாற்றம். பறவை பார்க்க வேண்டுமென்றால் ப்ரெக் தோல் சரணாலயத்துக்கு விடியற்காலையில் கிளம்ப வேண்டும்; டிசம்பரிலிருந்து மார்ச் வரை அதற்கு நல்ல பருவம்.

ஏரிக்கரையில் ஒரு அரிசி மூட்டையைக் காட்டி, அநாதைப் பிள்ளைகளுக்கு வாங்கிக் கொடுங்கள் என்று வற்புறுத்துவார்கள். மனம் இளகும். ஆனாலும் வாங்காதீர்கள். பார்வையாளர் பணத்தை நம்பி நடக்கும் இல்லங்கள், பெற்றோர் உயிரோடிருக்கும் பிள்ளைகளையே வீட்டிலிருந்து பிரிக்கின்றன என்று குழந்தை நல அமைப்புகள் பல ஆண்டுகளாக எச்சரிக்கின்றன. இல்லங்களைப் போய்ப் பார்க்கும் நிகழ்ச்சி திட்டத்திலேயே இருந்தால் நீக்கச் சொல்லுங்கள்.

எல்லைப்புறக் கோயிலான பிரியா விஹியரைச் சேர்த்துத் தரும் திட்டங்களும் வருகின்றன. மலை விளிம்பில் நிற்கும் அருமையான கோயில், 2008இல் உலகப் பாரம்பரியச் சின்னமானது. ஆனால் 2025 ஜூலையில் தாய்லாந்துக்கும் கம்போடியாவுக்கும் அந்த எல்லையில் சண்டை மூண்டது. அதற்கு முன்பே தரைவழிக் கடவுகள் மூடப்பட்டன. பாங்காக் வரை பறந்து பேருந்தில் சியெம் ரீப் என்ற பழைய மலிவு யோசனையும் அதோடு அடிபட்டுப்போனது. கிளம்பும் வாரத்தில் நம் வெளியுறவுத் துறையின் அறிவிப்பைப் பார்க்காமல் அந்தப் பக்கம் பணம் கட்ட வேண்டாம். அப்புறம், தொலைவான கோயில்களிலும் குலெனிலும் ஆள் நடந்த தடத்தை விட்டு இறங்காதீர்கள். சிறுநீர் கழிக்கக்கூட. போர்க்காலக் கண்ணிவெடிகள் அந்த நாட்டில் இன்னும் முழுதாக அகற்றப்படவில்லை.

சின்ன விஷயங்கள் சில. தோளும் முட்டியும் மூடிய உடை வேண்டும்; அங்கோர் வாட்டின் உச்சித் தளத்துக்குத் தோளில் துண்டைப் போர்த்திக்கொண்டால் ஒப்புக்கொள்ள மாட்டார்கள். பௌத்தப் புனித நாட்களில் அந்தத் தளம் மூடியிருக்கும், மாதத்தில் நான்கு நாள் அப்படி வரும், தேதியைப் பார்த்துக்கொள்ளுங்கள். பக்கேங் குன்றில் அந்தி பார்க்க ஒரு நேரத்தில் 300 பேரைத்தான் மேலே விடுவார்கள். கிழிந்த டாலர் நோட்டை யாரும் வாங்குவதில்லை. சைவக்காரர்கள் கறி வேண்டாம் என்று மட்டும் சொன்னால் போதாது, மீன் சாறும் வேண்டாம் என்று தனியாகச் சொல்ல வேண்டும்.

வழிகாட்டிக்கு உரிமம் இருக்கிறதா என்று கேளுங்கள். வண்டி ஓட்டுநர் வேறு, வழிகாட்டி வேறு. உரிமம் இல்லாத ஓட்டுநர் கோயிலுக்குள் வந்து விளக்க முடியாது. எத்தனை கடைகளில் நிறுத்துவீர்கள் என்பதையும் முன்பே கேட்டுவிடுங்கள்.

கடைசி நாள் காலையை மட்டும் காலியாக விடச் சொல்லுங்கள். எந்தக் கோயில் மனதில் நின்றதோ அங்கே தனியாகத் திரும்பிப் போக. நான் போனது பிரியா கான். ஏழாம் ஜெயவர்மன் தன் தந்தைக்காக 1191இல் கட்டியது. உள்ளே ஓரமாக உருண்டைத் தூண்களோடு இரண்டு அடுக்கில் ஒரு சிறிய கட்டடம் நிற்கிறது. அந்தப் பக்கத்தில் வேறெந்தக் கட்டடமும் அப்படி இல்லை. அதன் எதிரில் விழுந்து கிடந்த கல்லில் உட்கார்ந்திருந்தேன். எட்டு மணி. பெருக்குகிற அம்மா ஒருவர் சருகைக் கூட்டிக்கொண்டே என்னைக் கடந்து போனார். ஒரு மணி நேரத்தில் வேறு யாரும் வரவில்லை.