லிவர்பூல் ஸ்கௌஸ், கறி இல்லாம
லிவர்பூல் பக்கம் ஸ்கௌஸ்னு ஒரு ஸ்ட்யூ, மட்டனோ பீஃபோ போட்டு உருளைக்கிழங்கு கேரட் வெங்காயத்தோட வேக வைப்பாங்க, கறி வாங்க காசில்லாத வீட்டுல அது இல்லாமலே செஞ்சதுக்கு பிளைண்ட் ஸ்கௌஸ்னு பேரு, அதனால வீகனா செய்றது ஒண்ணும் புதுசில்ல. விஷயமே கிழங்குலதான் இருக்கு. பாதியை பொடியா நறுக்கி முதல்லயே போட்டுடுங்க, அது கரைஞ்சு தானா கெட்டியாகும், மாவே வேணாம், மீதியை பெரிய துண்டா கடைசி 25 நிமிஷத்துக்கு போடுங்க. காளானை தண்ணி சுண்டி ஓரம் நல்லா சிவக்குற வரைக்கும் வதக்கி சேருங்க, கூட ஒரு ஸ்பூன் மார்மைட் (ஈஸ்ட்ல செய்ற கெட்டி பேஸ்ட்), அதுல உப்பு ஜாஸ்தி, அதனால உப்பு கடைசியில பாத்து போடுங்க. வூஸ்டர் சாஸ் ஊத்துறதுக்கு முன்னாடி லேபிளை பாருங்க ப்ளீஸ், வழக்கமானதுல நெத்திலி இருக்கும். தொட்டுக்க வினிகர்ல ஊறுன சிவப்பு முட்டைக்கோஸ் கண்டிப்பா வைங்க.