ஒரே ஐட்டம் டயட்ல இந்தத் தப்பெல்லாம் பண்ணிடாதீங்க

வாழைப்பழம் மட்டும், முட்டை மட்டும், உருளைக்கிழங்கு மட்டும்னு ஒண்ணையே சாப்பிட்டு உடம்பைக் குறைக்கணும்னு ஏன் ஆசை வருதுன்னு எனக்கு நல்லாவே புரியுது, என்ன சமைக்கலாம் எத்தனை கலோரின்னு மண்டையை உடைச்சிக்க வேணாம், அதையே தின்னு தின்னு நாக்கு சலிச்சு தானா கம்மியாத்தான் இறங்கும், வெயிட்டும் குறையும்.

ஆனா முதல் வாரம் 2 கிலோ போச்சுன்னு அதை நம்பிடாதீங்க. உடம்பு அவசரத்துக்குன்னு சேர்த்து வச்சிருக்கிற சர்க்கரைக்குப் பேரு கிளைக்கோஜன், அது ஒவ்வொரு கிராமோடயும் சுமார் 3 கிராம் தண்ணி ஒட்டியிருக்கும், சாப்பாடு குறைஞ்சதும் அது கரைய தண்ணியும் கூடவே போயிடும், மெஷின்ல நம்பர் இறங்கினதுல பாதிக்கு மேல அதுவா கூட இருக்கலாம், பழையபடி சாப்பிட்டா சில நாள்லயே திரும்பி வந்துரும்.

அடுத்தது புரோட்டீன், எனக்கு ரொம்ப கவலை இதுலதான். 10 வாழைப்பழம் சாப்பிட்டா ஆயிரம் கலோரி வந்துரும், புரோட்டீன் 13 கிராம்தான், 60 கிலோ இருக்கிறவங்களுக்கு ஒரு நாளைக்கு 48 கிராமாவது வேணும். அந்தக் குறையை உடம்பு நம்ம தசையை உடைச்சுத்தான் எடுத்துக்கும். எங்க அக்கா இப்படி அஞ்சு நாள் ஓட்டினா, ஆறாம் நாள் மாடிப்படி பாதியில கைப்பிடியைப் பிடிச்சபடியே உக்காந்துட்டா, விரலெல்லாம் நடுங்குது, பார்க்கவே பயமா போச்சு.

"சத்தான பொருள்தானே"ன்னு சொல்றதும் தப்புதான். முட்டை நல்லதுதான், ஆனா அதுல வைட்டமின் சியும் இல்ல நார்ச்சத்தும் இல்ல. உருளைக்கிழங்குல வைட்டமின் பி12 கிடையாது.

யாரோ பண்ணாங்கன்னு அப்படியே இறங்கிடாதீங்க. 2016ல ஆஸ்திரேலியாவுல ஆண்ட்ரூ டெய்லர்னு ஒருத்தர் ஒரு வருஷம் உருளைக்கிழங்கு சாப்பிட்டே 50 கிலோ கிட்ட குறைச்சாரு, அதை மட்டும்தான் எல்லாரும் சொல்றாங்க, அவர் சக்கரவள்ளிக்கிழங்கும் சோயா பாலும் சேர்த்துக்கிட்டதையும் ரத்தப் பரிசோதனை பண்ணிக்கிட்டதையும் விட்டுடறாங்க.

சுகருக்கு மாத்திரையோ இன்சுலினோ எடுக்கிறவங்க டாக்டர்கிட்ட கேக்காம தயவுசெஞ்சு தொடவே தொடாதீங்க, சாப்பாடு குறைஞ்சு மருந்து அதே டோஸ்ல போனா சுகர் சடார்னு இறங்கிடும். கிட்னி பிரச்சினை இருந்தா வாழைப்பழம், உருளைக்கிழங்குல இருக்கிற பொட்டாசியம் ரத்தத்துல தேங்கி இதயத் துடிப்பையே கெடுத்துரும்.

யோசிக்காம சாப்பிடுற வசதிதான் புடிச்சிருக்குன்னா காலை சாப்பாட்டை மட்டும் தினமும் ஒண்ணா வச்சுக்கோங்க, மத்த ரெண்டு வேளையும் பருப்பு, காய், கீரைன்னு மாத்தி மாத்தி சாப்பிடுங்க.