ஜாடி உடைவதைக் காட்டாதீர்கள்: ஜெர்மன் நாடகங்களைப் படமாக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஜெர்மன் நாடகாசிரியர் கிளைஸ்ட் எழுதிய 'உடைந்த ஜாடி' நாடகம் தெரியாதவர்களுக்காக முதலில் கதையைச் சொல்லிவிடுகிறேன். ஹாலந்தில் ஒரு கிராமம், ஆடம் என்று ஒரு நீதிபதி. காலையில் தலையெல்லாம் காயம், நீதிமன்றத்தில் அணிய வேண்டிய விக்கைக் காணோம், எங்கே என்று கேட்டால் பூனை அதில் குட்டி போட்டுவிட்டது என்கிறார். அன்றைக்கென்று பார்த்து மேலிடத்திலிருந்து அதிகாரி ஒருவர் ஆய்வுக்கு வந்து உட்கார்ந்துகொள்கிறார். வழக்கு என்னவென்றால், முந்தின இரவு மார்த்தே அம்மாவின் மகள் ஏவ் இருந்த அறையில் எவனோ புகுந்து, ஜாடியை உடைத்து, ஜன்னல் வழியாகக் குதித்து ஓடிவிட்டான். ஓடினவர் வேறு யாருமில்லை, விசாரிக்கிற நீதிபதியேதான்.

இதைத் திரைக்கதையாக எழுத உட்காரும் யாருக்கும் முதலில் வரும் ஆசை ஒன்றுதான்: அந்த இரவைக் காட்டிவிடலாமே! இருட்டு, ஜன்னல், ஓடுகிற கால்கள், டமால் என்று ஜாடி. டைட்டிலுக்கு முன்னாடி இரண்டு நிமிடம், கேமராவுக்கு நல்ல தீனி. நான் பார்த்தவரை நாடகத்தைப் படமாக்குவதில் நடக்கிற தவறுகளில் பாதி இந்த ஆசையிலிருந்துதான் பிறக்கிறது. மேடையில் காட்ட முடியாததால்தான் பேசினார்கள், நம்மிடம் கேமரா இருக்கிறது, காட்டிவிடுவோம் என்ற நினைப்பு. கிளைஸ்ட் காட்ட வழியில்லாமல் விட்டவர் இல்லை. ஆடம்தான் குற்றவாளி என்று பார்வையாளருக்குப் பத்தாவது நிமிடமே வாசனை அடித்துவிடும், அதில் ரகசியம் எதுவும் கிடையாது. ஆனால் ஊகிப்பது வேறு, கண்ணால் பார்த்துவிடுவது வேறு. ஊகித்தவன் ஒவ்வொரு பொய்யையும் கையில் வாங்கி எடை போட்டுப் பார்க்கிறான். பார்த்துவிட்டவனோ எப்போது பிடிபடுவான் என்று கடிகாரத்தைப் பார்க்கிறான். பிளாஷ்பேக்காக நடுவில் வைத்தாலும் இதே கதிதான்.

அதே நாடகத்தில் இன்னொரு இடம். மார்த்தே அம்மா சாட்சி சொல்ல வந்து அந்த ஜாடியை வர்ணிக்க ஆரம்பிக்கிறார், நிறுத்துவதாக இல்லை. ஜாடியின் மேல் நெதர்லாந்து மாகாணங்களை ஸ்பெயினின் பிலிப்பிடம் ஒப்படைத்த காட்சி வரைந்திருந்ததாம். 'இதோ, இப்போது ஒன்றுமே இல்லாத இந்த ஓட்டை இருக்கிறதே, இங்கேதான்' என்று விரலை விட்டுக் காட்டாத குறை. ஜெர்மன் டிவி படம் என்றால் இரவு 8 மணிச் செய்தி முடிந்து 8.15க்குத் தொடங்கி 90 நிமிடத்தில் முடிந்தாக வேண்டும், அதனால் கத்தரி முதலில் தேடி வருவது இந்த வசனத்தைத்தான். கதை நகரவில்லையே! ஆனால் இல்லாத ஒன்றை ஓட்டைக்குள் பார்த்துப் பேசுகிற இந்த அம்மாதான் நாடகமே, போனது ஜாடி மட்டும்தானா மகளின் மானமுமா என்ற கேள்வி முழுக்க அந்த ஓட்டைக்குள்தான் கிடக்கிறது. வெட்ட வேண்டும் என்றால் வெட்டுங்கள், வேண்டாமென்று சொல்லவில்லை. நீளமான வசனம் என்ற ஒரே காரணத்துக்காக வெட்டாதீர்கள்.

வேகத்தைக் கெடுத்தாலும் இந்த நாடகம் படுத்துவிடும், அதற்குச் சாட்சி சாதாரண ஆள் இல்லை. 1808இல் வைமார் அரங்கில் இதை முதன்முதலில் மேடையேற்றிய மகாகவி கோத்தே, ஒரே மூச்சில் ஓட வேண்டிய ஓரங்க நாடகத்தை மூன்று அங்கமாகப் பிரித்து இடைவேளை விட்டார். படுதோல்வி. இன்று ஒரு நாடகத்தை இரண்டு பாகமாக ஒளிபரப்பலாமா என்று யாராவது கேட்டால் எனக்கு உடனே கோத்தே ஞாபகம்தான் வரும்.

அடுத்த தவறு, வெளியே ஓடுவது. 'ஒரே அறைக்குள்ளேயே இருந்தால் நாடகம் மாதிரி இருக்கும்' என்ற பயத்தில், அறைக்குள் நடக்க வேண்டிய சண்டையை ஆற்றங்கரைக்குக் கொண்டுபோவார்கள், நடுநடுவே குதிரை வண்டி ஒன்று போகும். ஜெர்மன் இயக்குநர் ஃபாஸ்பைண்டர் தன் நாடகத்தையே 1972இல் 'பேட்ரா ஃபொன் கான்ட்டின் கசப்புக் கண்ணீர்' என்று படமாக்கியபோது அந்த வீட்டை விட்டு வெளியே வரவே இல்லை. எல்லாம் பெண்கள், ஒரு கட்டில், துணிக்கடைப் பொம்மைகள், சுவர் முழுக்க ஒரு பெரிய ஓவியம். மிஷாயேல் பால்ஹவுஸின் கேமரா அந்த நாலு சுவருக்குள்ளேயே இடம் மாறி மாறி உட்கார்ந்து, யார் யாரை அடிமையாக வைத்திருக்கிறார்கள் என்று சொல்லிவிடுகிறது. அறை சின்னது என்பது அங்கே பிரச்சினையே இல்லை, அவர்கள் வெளியேற முடியாததுதான் கதை. ஜன்னலைத் திறந்துவிட்டால் காற்று வரும், கதை வெளியே போய்விடும்.

நடிப்பைப் பற்றி நிறையப் பேசலாம், ஒன்று மட்டும் சொல்கிறேன். கடைசி வரிசைக்குக் கேட்க வேண்டும் என்று பழகிய குரலை அப்படியே குளோஸ்-அப்பில் வைத்தால் பார்ப்பவருக்குத் தலைவலி. ஆனால் மேடை நடிப்பு என்றாலே தப்பு என்றும் இல்லை. ஹாம்பர்க் அரங்கில் ஓடிய கோத்தேயின் 'ஃபௌஸ்ட்' 1960இல் படமானபோது நடிகர் க்ருண்ட்கென்ஸ் தன் சாத்தான் பாத்திரமான மெஃபிஸ்டோவை வெள்ளைப் பூச்சும் தூக்கிவிட்ட புருவமுமாக அப்படியே கொண்டுவந்தார். செட்டும் மேடை செட்தான், யாரும் அதை மறைக்கப் பார்க்கவில்லை. அதனால்தான் இன்றும் நிற்கிறது. ஒரு பக்கம் நிஜத் தெரு, நிஜ மழை, அதன் நடுவே ஒருவர் செய்யுளில் முழங்குவது என்று பாதிப் பாதியாகச் செய்வதுதான் சகிக்காது.

இப்போது மொழி. தமிழ் வாசகருக்கு இது சட்டென்று புரியும் என்பதால் கொஞ்சம் விரித்தே சொல்கிறேன். ஹோர்வாத்தின் நாடகமான 'வியன்னா காட்டுக் கதைகள்' 1931இல் பெர்லினில் அரங்கேறியது. வியன்னாவின் கீழ் நடுத்தர மக்கள், கசாப்புக் கடை, பொம்மைக் கடை, ஒரு பெண்ணை எல்லோருமாகச் சேர்ந்து சிதைப்பது. படமாக்குபவர் உடனே நினைப்பார்: சரி, வியன்னாப் பேச்சு வழக்கில் பேச வைத்துவிடுவோம், உயிரோட்டமாக இருக்கும். ஹோர்வாத் இதை முன்கூட்டியே யோசித்து, ஒரு குறிப்பில், ஒரு வார்த்தைகூட வட்டார வழக்கில் பேசக் கூடாது என்று எழுதி வைத்திருக்கிறார். எல்லாம் எழுத்து ஜெர்மனில்தான் இருக்க வேண்டும், ஆனால் வழக்கமாக வட்டார வழக்கு மட்டுமே பேசுகிற ஒருவர் கஷ்டப்பட்டுப் பேசுகிற எழுத்து ஜெர்மனாக. நம்மூர்க் கல்யாணத்தில் மைக்கைக் கையில் கொடுத்ததும் 'அனைவரையும் வருக வருக என இருகரம் கூப்பி' என்று ஆரம்பிக்கிற மாமாவை நினைத்துக்கொள்ளுங்கள், அந்தக் குரல்தான். இரவல் வாங்கின சட்டை மாதிரி அந்த மொழி அவர்கள் உடம்பில் தொளதொளவென்று தொங்கும், அந்தத் தொளதொளப்புக்குள்ளேதான் குரூரம் ஒளிந்திருக்கிறது. 'என் காதலிலிருந்து நீ தப்ப முடியாது' என்று கசாப்புக் கடைக்கார ஆஸ்கர் அந்தப் பெண்ணிடம் சொல்வது வழக்குப் பேச்சில் வந்தால் வெறும் மிரட்டல். இரவல் மொழியில் வரும்போது அதைச் சொல்பவனுக்கே அது மிரட்டல் என்று தெரியவில்லை.

அதே குறிப்பில் இன்னொன்றும் உண்டு. வசனத்துக்கு நடுவே 'அமைதி' என்று அவர் போட்டிருக்கும் இடங்களைக் கவனிக்கச் சொல்கிறார், அங்கேதான் ஒரு ஆளின் மனதுக்குள் சண்டை நடக்கிறதாம். அந்த இடத்தில் பின்னணி இசையைக் கொட்டி நிரப்பினால் சண்டை முடிந்துவிடும். எடிட்டிங் மேசையில் அமைதிதான் முதலில் காணாமல் போகிறது, இரண்டு நொடி இங்கே, மூன்று நொடி அங்கே என்று, கணக்கில் யாருக்கும் தெரியாது.

காலத்தை மாற்றுவதைப் பற்றியும் கேட்பார்கள். மாற்றலாம், ஆனால் பழைய ஆள்களுக்கு ஜீன்ஸ் மாட்டிவிடுவது மாற்றம் ஆகாது. ஷில்லரின் 'சூழ்ச்சியும் காதலும்' நாடகத்தில் லூயிஸ் தன் அப்பாவைக் காப்பாற்றுவதற்காகப் பொய்யான ஒரு காதல் கடிதத்தை எழுதிக் கொடுக்கிறாள், அதைத் தானாகவே எழுதியதாகச் சொல்வேன் என்று சத்தியமும் செய்கிறாள். அந்தச் சத்தியம் மட்டும்தான் அவள் வாயைக் கட்டி வைத்திருக்கிறது. இன்றைக்குக் கதையை வைத்தால் ஒரு வாட்ஸ்அப் வாய்ஸ் மெசேஜில் எல்லாம் தீர்ந்துவிடும், அதனால் இன்று ஒருத்தியின் வாயை எது கட்டும் என்று முதலில் கண்டுபிடிக்க வேண்டும், உடையெல்லாம் அப்புறம். நன்றாகச் செய்ததற்கு உதாரணம் இயக்குநர் சியோட்மாக்கின் 'எலிகள்' படம். கெர்ஹார்ட் ஹாப்ட்மனின் 1911ஆம் ஆண்டு நாடகத்தைப் போருக்குப் பிந்தைய பெர்லினுக்குக் கொண்டுவந்து, ஏழைப் பணிப்பெண்ணைக் கிழக்கிலிருந்து வந்த அகதியாக்கினார். போக்கிடம் இல்லாத ஒரு கர்ப்பிணி, பிள்ளைக்காக ஏங்கும் இன்னொருத்தி, அந்த இரண்டு அழுத்தமும் அப்படியே இருந்தன. 1955இல் பெர்லின் விழாவில் தங்கக் கரடி வாங்கியது.

'நான் மூலத்தைத் தொடவே இல்லை' என்று பெருமைப்படுபவர்களிடம் பியூஷ்னரின் 'வோய்ட்செக்' நாடகத்தில் காட்சிகள் எந்த வரிசையில் இருக்கின்றன என்று கேளுங்கள். பியூஷ்னர் 1837இல் 23 வயதில் இறந்தபோது விட்டுப்போனது வெளிறிய மையில் கையெழுத்துப் படிகள் சில, ஒன்றோடொன்று ஒத்துப்போகாதவை. 1879இல் அச்சிட்டபோது பெயரையே 'வோட்செக்' என்று தப்பாகப் படித்தார்கள். அப்படியிருக்க எதற்கு விசுவாசம்? 1979இல் வெளியான படத்தை இயக்குநர் ஹெர்சாக் எடுத்தது செக் நாட்டின் டெல்ச் ஊரில், 18 நாளில், 'நோஸ்ஃபெராட்டு' படத்தை முடித்த கையோடு அதே நடிகர் கின்ஸ்கியை வைத்து. நிறைய இடங்களில் கேமரா அசையாமல் நிற்க, ஆள்கள் பேசி முடிக்கிறார்கள். வோய்ட்செக் தன் காதலியைக் கொல்லும்போது மட்டும் படம் மெதுவாகிறது, நாம் பார்த்துக்கொண்டிருப்பது கின்ஸ்கியின் முகத்தை. ஜாடி விஷயம்தான் இங்கேயும்: கத்தி எங்கே இறங்குகிறது என்பதைவிட, இறக்குகிறவனுக்கு என்ன ஆகிறது என்பதில் கண் நிற்கிறது.

கடைசியாக உரிமை. இதைக் கடைசியில் எழுதுகிறேனே தவிர, வேலையில் இதுதான் முதலில் வர வேண்டும். ஜெர்மனியில் ஆசிரியர் இறந்து 70 ஆண்டு முடியும்வரை காப்புரிமை உண்டு. ஷில்லர், கிளைஸ்ட், பியூஷ்னர் பிரச்சினை இல்லை. ஷேக்ஸ்பியர், செகாவ் என்றாலும் பிரச்சினை இல்லை என்று நினைத்துப் புதிய மொழிபெயர்ப்பு ஒன்றைக் கையில் எடுத்தால் மாட்டினீர்கள், மொழிபெயர்த்தவருக்கு அவருடைய 70 ஆண்டு தனி. வாரிசுகள் கோபித்தால் என்ன ஆகும் என்பதற்கு இயக்குநர் ஷ்லோண்டோர்ஃபின் 'பால்' படம் இருக்கிறது. ஃபாஸ்பைண்டரை நாயகனாக வைத்து பிரெக்ட்டின் நாடகத்தை டிவிக்கு எடுத்தார், 1970இல் ஒளிபரப்பானது, பிரெக்ட்டின் மனைவி ஹெலன வைகல் பார்த்துவிட்டு இனிமேல் காட்டக் கூடாது என்று தடுத்துவிட்டார். மறுபடி வெளியே வர 2014 ஆகிவிட்டது.

பிரெக்ட் இறந்தது 1956, ஆகவே 2027 ஜனவரியில் எல்லாம் நம் கைக்கு வந்துவிடும் என்று கணக்குப் போட்டு 'மூன்று காசு ஓபரா'வுக்கு இப்போதே திரைக்கதை எழுதுபவர்கள் ஒரு நிமிடம் நிற்கவும். அதன் மூலமான ஆங்கில நாடகத்தை ஜெர்மனுக்குக் கொண்டுவந்த எலிசபெத் ஹாப்ட்மன் 1973வரை இருந்தார். பாட்டுகளில் சில வரிகள் பிரெஞ்சுக் கவிஞர் வில்லோனைக் கே. எல். அம்மர் என்பவர் செய்த மொழிபெயர்ப்பிலிருந்து பிரெக்ட் சொல்லாமல் எடுத்தவை, 1929இல் பத்திரிகையில் நாறியது. அம்மர் இறந்தது 1959. அந்த வரிகளுக்காகக் கிடைத்த பங்குப் பணத்தில் அம்மர் ஒரு திராட்சைத் தோட்டம் வாங்கி, அதன் ஒயினுக்கு 'மூன்று காசுச் சொட்டு' என்று பெயர் வைத்தார் என்று ஒரு கதை உண்டு.