ஷெனன்டோவா சாலமாண்டர்: நல்லெண்ணத்தில் செய்யும் தவறுகள்

அமெரிக்காவின் வர்ஜீனியா மாநிலத்தில் ஹாக்ஸ்பில், ஸ்டோனி மேன், பினக்கிள் ஆகிய மூன்று மலைகளின் உச்சிப் பகுதியில் மட்டுமே, பல்லி போன்ற உருவமுள்ள நீர்நில உயிரினமான ஷெனன்டோவா சாலமாண்டர் வாழ்கிறது. 1989 முதல் அழியும் ஆபத்திலுள்ள உயிரினமாகச் சட்டப் பாதுகாப்பு பெற்றிருக்கிறது. இதற்கு நுரையீரல் கிடையாது. மூச்சு விடுவது தோல் வழியாகவும் வாயின் உட்புறம் வழியாகவும்தான். தோல் காய்ந்தால் ஆக்சிஜன் உள்ளே போகாது.

காய்ந்த கற்சரிவில் கிடக்கிறதே என்று இரக்கப்பட்டு, பக்கத்திலுள்ள ஈரமான மண்ணில் கொண்டுபோய் விடுவதுதான் மிகப் பெரிய தவறு. அந்த மண் வேறொரு இனமான செம்முதுகு சாலமாண்டரின் எல்லை. எண்ணிக்கையில் மிக அதிகமான அந்த இனம், தன் எல்லைக்குள் வருவதைக் கடித்து விரட்டும். அதன் போட்டியால்தான் ஷெனன்டோவா இனம் மண் குறைந்த கற்குவியல்களுக்குள் ஒதுங்கியது என்பது ஆய்வாளர்கள் நெடுங்காலமாகச் சொல்லிவரும் விளக்கம். ஓடையில் விடுவதும் உதவாது. முட்டை இடுவதே ஈரமான கல்லிடுக்கில்தான். தலைப்பிரட்டைப் பருவமே இல்லாமல் குட்டி சாலமாண்டராகவே பொரிந்து வரும்.

முதுகுக் கோட்டை வைத்து மட்டும் இனத்தைச் சொல்லிவிடாதீர்கள். இரண்டு இனத்திலுமே கோடு உள்ளவையும் உண்டு, இல்லாதவையும் உண்டு. ஷெனன்டோவாவின் கோடு ஒடுக்கமானது, வயிறு கறுப்பு. செம்முதுகின் கோடு அகலம். வயிற்றில் கறுப்பும் வெள்ளையும் கலந்து உப்பும் மிளகும் தூவியதுபோல் இருக்கும். ஆனால் வயிற்றைப் பார்க்கப் புரட்டக் கூடாது. அனுமதி இல்லாமல் தொடுவதே குற்றம். கையிலுள்ள கொசு விரட்டியும் சன்ஸ்கிரீனும் அந்தத் தோலுக்குள் நேராக இறங்கும். வாலைப் பிடித்தால் அறுந்து வந்துவிடும். கொழுப்புச் சேமிப்பு இருப்பது வாலில்தான்.

கல்லைப் புரட்டினால் அடியில் சேர்ந்திருந்த ஈரம் ஆவியாகிவிடும். அனுமதி பெற்ற ஆய்வாளர்களும் விலங்கை ஓரமாக நகர்த்தி, கல்லை இருந்தபடியே வைத்த பிறகுதான் விளிம்பில் விடுவார்கள். அது தானே உள்ளே போய்விடும். விலங்கின் மேலேயே கல்லை வைத்தால் நசுங்கிவிடும். கல் அடுக்கி விளையாடுவதையும் தயவுசெய்து விட்டுவிடுங்கள்.

பூட்ஸில் ஒட்டிய மண்ணோடு நோய்க்கிருமியும் போகலாம் என்பதால், அதைக் கழுவாமல் ஒரு மலையிலிருந்து இன்னொன்றுக்குப் போகாதீர்கள். முதலில் மண்ணை முழுக்கத் தேய்த்தெடுக்க வேண்டும். மண் இருந்தால் ப்ளீச்சின் வீரியம் போய்விடும். பிறகு 1 பங்கு ப்ளீச், 9 பங்கு தண்ணீர். 10 நிமிடம் ஊறவிட்டு நன்றாக அலச வேண்டும். இதை வீட்டிலேயே முடியுங்கள், மலையில் வேண்டாம். ஐரோப்பாவில் சாலமாண்டர்களைக் கொன்ற பிஸால் (Bsal) என்ற தோல்நோய்ப் பூஞ்சை 2013இல் அடையாளம் காணப்பட்டது. அது வந்துவிடக் கூடாதென்று 2016இல் அமெரிக்கா 20 சாலமாண்டர் பேரினங்களின் இறக்குமதிக்குத் தடை விதித்தது. அதனால் வளர்ப்பு சாலமாண்டரையோ அதன் தொட்டித் தண்ணீரையோ காட்டில் விடவே கூடாது.

படம் எடுத்தால் போனில் இருப்பிடப் பதிவை அணைத்துவிட்டு, பாதையில் நின்றபடியே எடுங்கள்.